வர்ணமெட்டும் பாட்டாசிரியரும்: மதுரகவி பாஸ்கரதாஸ் பாடல்களைப் பெரான்ஜே வழி வாசித்தல்

ஆய்வுச் சுருக்கம்

தமிழ் நாடக மேடையிலும் இசைத்தட்டிலும் தமிழின் முதல் பேசும்படமாகக் கொள்ளப்படும் ‘காளிதாஸ்’ படத்திலும் ஒலித்த பாடல்களை இயற்றியவர் மதுரகவி பாஸ்கரதாஸ் (1892–1952). விடுதலைப் போராட்ட வரலாற்றில் அவருக்கு இடமுண்டு. இலக்கிய வரலாற்றில் அவ்வாறான இடம் இல்லை. வழக்கிலிருந்த மெட்டுகளுக்குச் சொல் அமைத்தவர் என்பதே இப்புறக்கணிப்புக்கு முதன்மைக் காரணம். இதே முறையில் எழுதிப் பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பிரான்சின் தேசியக் கவியாகப் போற்றப்பட்ட பெரான்ஜேயின் (1780–1857) வாழ்வையும் பணியையும் உடன் வைத்து, மெட்டுக்கு எழுதுதல் ஒரு குறைபாடா, தனித்த கலைமுறையா என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது. பாட்டைப் பொதுவாக்கும் அதே மெட்டு பாட்டாசிரியரின் பெயரை மறைக்கவும் செய்கிறது என்பதும், இவ்வகைப் பாடலை வரி, மெட்டு, களம் ஆகிய மூன்றும் சேர்ந்த அலகாகவே திறனாய வேண்டும் என்பதும் இதன் முடிபுகள்.

திறவுச்சொற்கள்: வர்ணமெட்டு, பாஸ்கரதாஸ், பெரான்ஜே, ஸ்பெஷல் நாடகம், அம்பாப் பாட்டு, தடைசெய்யப்பட்ட பாடல்கள்.

1. முன்னுரை

இராமேசுவரம் தீவில் பாம்பனுக்கும் இராமேசுவரத்துக்கும் இடையே அமைந்த மீனவ ஊர் தங்கச்சிமடம். இவ்வூரை உள்ளடக்கிய பாக் நீரிணைக் கரையில் கரைவலை இழுப்போர் பாடிவந்த பாட்டு ‘அம்பா’ எனப்படும். ஒருவர் அடியெடுத்துக் கொடுக்க, கயிற்றைப் பிடித்த மற்றவர் ஏற்றுப் பாடுவர். அடியெடுப்பவர் அன்றைய கடல்நிலையையோ, தெய்வத்தையோ, கூட்டத்தில் ஒருவரைக் கேலி செய்வதையோ பொருளாகக் கொள்ளலாம். சொல் மாறிக்கொண்டே இருக்கும். இழுவையின் தாளமும் மெட்டும் மாறா. அம்பாவைப் பாடுவோர் எவரும் ‘இம்மெட்டு யாருடையது’ என்று கேட்பதில்லை. ‘இச்சொல் யாருடையது’ என்பதையும் நெடுநாள் நினைவில் வைப்பதில்லை. வலை கரையேறினால் பாட்டின் பணி முடிந்தது.

நாட்டார் வழக்காற்றியலார்க்கு இது பழகிய செய்தி. ஆயினும் தனிப்பெயரோடு விளங்கிய ஒரு பாட்டாசிரியர் இதே முறையில் எழுதும்போது திறனாய்வு தடுமாறுகிறது. அச்சில் பெயர் இருப்பதால் அவரை நாட்டார் கலைஞர் என வகைப்படுத்த இயலவில்லை. மெட்டு பிறருடையது என்பதால் கவிஞர் என ஏற்கவும் மனம் ஒப்பவில்லை. இந்த இடைவெளியில் மறைந்து போனவர்களுள் முதன்மையானவர் மதுரகவி பாஸ்கரதாஸ். சு. தியடோர் பாஸ்கரன் தென்னிந்தியத் தேசிய அரசியலையும் பொழுதுபோக்கு ஊடகங்களையும் குறித்து 1981இல் ஆங்கிலத்தில் வெளியிட்ட நூல், மேடைப் பாடல்களின் அரசியற் பங்கை நிறுவியது. அரசியற் சான்றுகளாக அப்பாடல்கள் ஏற்கப்பட்டன. பாடல்கள் என்ற முறையில் அவற்றின் தரத்தையும் இயக்கத்தையும் அளக்கும் பணி எஞ்சியுள்ளது.

2. இரு வாழ்க்கைகள்

பாஸ்கரதாஸின் இயற்பெயர் வெள்ளைச்சாமி. மதுரையின் நாடகச் சூழலில் பெயர் பெற்றவர். நாகலாபுரத்தோடு நெருங்கிய தொடர்புடையவர். நாடகங்களுக்குப் பாடல் எழுதுவதும் நடிகர்களுக்குப் பாட்டுச் சொல்லிக்கொடுப்பதும் அவரது தொழிலாயின. எஸ். எஸ். விசுவநாததாஸ், கே. பி. சுந்தராம்பாள், டி. பி. இராஜலட்சுமி ஆகியோர் அவர் பாடல்களை மக்களிடம் சேர்த்தவர்கள். அவர் பல்லாண்டு எழுதிவந்த நாட்குறிப்புகள், அவருடைய பேரனும் நாடக இயக்குநருமான ச. முருகபூபதியின் தொகுப்பில் 2009இல் நூலாயின. அந்நாட்குறிப்புகளில் தம் கவித்திறம் பற்றிப் பேசும் ஒரு புலவரைக் காட்டிலும், ஊர் ஊராகச் சென்று பாட்டை வேண்டுவோர்க்கு வேண்டியவாறு வழங்கும் ஒரு தொழிற்கலைஞரையே காண்கிறோம்.

பெரான்ஜே 1780இல் பாரிசில் பிறந்தார். இளமையில் பெரோன் நகரத்து அச்சகத்தில் தொழில் பயின்றார். உயர்கல்வி இல்லாதவர், இலத்தீன் அறியாதவர். 1809 முதல் கல்வித்துறை அலுவலகத்தில் எழுத்தராகப் பணியாற்றியபடியே பாடல்கள் எழுதினார். 1813இல் ‘இவ்தோ மன்னன்’ என்னும் பாடல் அவரைப் பிரான்சு முழுவதும் அறியச் செய்தது. 1821இல் மூன்று மாதமும், 1828இல் ஒன்பது மாதமும் பாடல்களுக்காகவே சிறைத்தண்டனை பெற்றார். இரண்டாம் வழக்கில் விதிக்கப்பட்ட தண்டத்தொகை 10,000 பிராங்கு. 1857இல் அவர் இறந்தபோது இறுதி ஊர்வலத்தில் கலகம் மூளுமோ என அஞ்சிய அரசு, படைவீரரைத் தெருவில் நிறுத்தியது.

காலமும் களமும் வேறாயினும் இருவரிடமும் மூன்று பொதுத்தன்மைகள் உள்ளன. இருவரும் மரபான உயர்கல்வியின் வழி கவிதைக்கு வந்தவர்கள் அல்லர். இருவர் பாடலும் படிப்பறியாதாரைச் சென்றடைந்தது. இருவரும் பெரும்பாலும் மக்கள் முன்பே அறிந்த மெட்டுகளுக்கு எழுதினர். இம்மூன்றாவது ஒற்றுமையே மற்ற இரண்டையும் விளக்குவது.

3. மெட்டு என்னும் பொதுச்சொத்து

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மலிவு விலையில் விற்ற தமிழ்ப் பாட்டுப் புத்தகங்களைப் புரட்டுவோர் ஒவ்வொரு பாடலின் தலையிலும் ஒரு குறிப்பைக் காண்பர். இன்ன பாட்டின் வர்ணமெட்டு என்பதே அக்குறிப்பு. சுரக்குறிப்பு அங்கு இல்லை, தேவையும் இல்லை. வாங்குபவர் அந்த மெட்டை நாடகக் கொட்டகையிலோ திருவிழாவிலோ ஏற்கெனவே கேட்டவர். அச்சிடப்பட்டது பாட்டின் ஒரு பாதி மட்டுமே. மறுபாதி வாசகரின் செவியில் இருந்தது.

பிரெஞ்சுப் பாடல் ஏடுகளிலும் இதே குறிப்பு உண்டு. பாடலின் தலைப்புக்குக் கீழே அது எந்த மெட்டில் பாடப்பட வேண்டும் என்பது சொல்லப்படும். பாரிசில் பாடலாசிரியர்கள் கூடிப் பாடிய ‘காவோ’ என்னும் கழகத்தின் பெயரால் 1811இல் ஒரு மெட்டுக் களஞ்சியம் வெளிவந்தது. புழக்கத்திலுள்ள மெட்டுகளை எண்ணிட்டு அது தொகுத்தது. புதுப்பாட்டு எழுதுவோர் அதிலிருந்து தமக்கு உகந்ததைத் தெரிவு செய்வர். பெரான்ஜே இக்கழகத்தில் இடம்பெற்றவர், இம்முறையிலேயே தேர்ந்தவர். அவரது காலத்தில் இது இழிவாகக் கருதப்படவில்லை. புதிய சொல் பழைய மெட்டில் எவ்வளவு இயல்பாக அமர்கிறது, பழைய சொல்லின் நினைவோடு எவ்வாறு உரசுகிறது என்பதே திறமையின் அளவுகோலாயிற்று.

தமிழில் இம்முறை கீழானதென எண்ணப்படுவது வியப்புக்குரியது. ஏனெனில் பாரதியின் பணி நம் கண்முன் உள்ளது. கோபாலகிருஷ்ண பாரதியின் நந்தனார் சரித்திரக் கீர்த்தனை மெட்டுகளில் பாரதி அரசியற் பாடல்களை எழுதினார். பக்தியின் உருக்கத்தைத் தாங்கிய மெட்டு மிதவாத அரசியலைக் கேலி செய்யும் கருவியாயிற்று. பழஞ்சொல்லை அறிந்தவர்க்கே அக்கேலியின் கூர்மை முழுதாக விளங்கும். 1912இல் வெளிவந்த பாஞ்சாலி சபதத்தின் முகவுரையில் பொதுமக்கள் விரும்பும் மெட்டின் தேவையை அவர் வலியுறுத்தினார். இதனைப் பாரதியின் மக்கள்நோக்கு எனப் போற்றும் திறனாய்வு, அதே நெறியில் நின்ற பாஸ்கரதாஸை ‘மெட்டுக்குப் பாட்டு எழுதியவர்’ என ஒதுக்குவது முறையாகாது. பாரதியிடம் மெட்டு ஒரு தெரிவு என்றும் பாஸ்கரதாஸிடம் அது ஒரு பிழைப்பு என்றும் மறுமொழி கூறலாம். பிழைப்புக்காகச் செய்யப்படுவது கலையாகாது என்றால் நாடக வரலாற்றின் பெரும்பகுதியை நாம் இழக்க நேரும்.

பாஸ்கரதாஸின் சூழலில் பொதுமெட்டின் தேவையை ஸ்பெஷல் நாடகத்தின் அமைப்பு தெளிவாக்குகிறது. இந்நாடகத்தில் நடிகர் ஒரே குழுவைச் சேர்ந்தவர் அல்லர். வெவ்வேறு ஊரிலிருந்து தனித்தனியே அமர்த்தப்பட்டவர்கள் ஒத்திகையின்றி இரவில் மேடையில் சந்திக்கின்றனர். சங்கரதாஸ் சுவாமிகளின் (1867–1922) ‘வள்ளி திருமணம்’ போன்ற நாடகங்களின் கதைப்போக்கும் மெட்டுகளும் அனைவரும் அறிந்தவையாக இருப்பதே அவர்களைச் சேர்ந்து நடிக்கச் செய்கிறது. இராமநாதபுரம் மாவட்டத் திருவிழாக்களில் இன்றும் ‘வள்ளி திருமணம்’ விடிய விடிய நடிக்கப்படுவதைக் காண்போர் இதனை உணர்வர். ஆர்மோனியம் எடுக்கும் முதற்சுரத்திலேயே நடிகர், பக்கவாத்தியக்காரர், பார்வையாளர் மூவரும் ஒரே மெட்டுக்கு வந்துவிடுகின்றனர். இத்தகைய மேடைக்குப் புதுச்சொல் வழங்குபவர் புதுமெட்டையும் வழங்கினால் அன்றிரவு அப்பாட்டு அரங்கேறாது. பொதுமெட்டுக்கு எழுதினால், பாடியவர் நிறுத்துமுன் கேட்பவர் அதனைப் பற்றிக்கொள்வர்.

4. கொக்கும் மன்னனும்

பொதுமெட்டோடு இணைந்து இயங்கும் இன்னொரு கூறு மறைபொருள். பெரான்ஜேயின் ‘இவ்தோ மன்னன்’ வெளிப்படையாக எவரையும் சாடவில்லை. போரை விரும்பாமல், புகழைத் தேடாமல், நன்றாக உண்டு உறங்கும் ஒரு சிற்றரசனை அது நகைச்சுவையாகப் புனைகிறது. 1813இல் நெப்போலியனின் ஓயாத போர்களுக்கு மகன்களைப் பறிகொடுத்த பிரெஞ்சு மக்களுக்கு அச்சிற்றரசன் யாருக்கு எதிர்நிலை என்பதை விளக்க வேண்டியிருக்கவில்லை. பாடலில் பேரரசர் இல்லை. பாடலைக் கேட்பவர் மனத்தில் மட்டுமே இருந்தார்.

பாஸ்கரதாஸ் இயற்றியதாகப் பரவலாகக் கருதப்படும் கொக்குப் பாடல் இதற்கு இணையானது. ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் தினைப்புனம் காக்கும் வள்ளி பறவை ஓட்டுகிறாள். கதையில் இயல்பாகவே உள்ள அவ்விடத்தில் வெள்ளைக் கொக்கொன்று பாடலுக்குள் வருகிறது. அது எங்கிருந்தோ பறந்து வந்தது, விளைச்சலைத் தின்கிறது, விரட்டப்பட வேண்டியது. பறவையின் நிறம் ஒன்றே போதும். விசுவநாததாஸ் இதனைப் பாடியபோது கொட்டகை நிறைந்தோர் ஆள்பவரையே கண்டனர்.

இப்பாடலின் வலிமை அதன் உருவகத்தின் புதுமையில் இல்லை. வெள்ளையரைக் கொக்கு எனல் எளிதில் எவர்க்கும் தோன்றக்கூடியதே. பாடல் நாடகத்துக்குள் தேவையானதாக இருப்பதே அதன் வலிமை. வள்ளி பறவையை ஓட்டித்தான் ஆக வேண்டும். கதையை அறிந்த பார்வையாளர் ஆலோலப் பாட்டை எதிர்பார்த்துக் காத்திருக்கின்றனர். எதிர்பார்த்த இடத்தில், எதிர்பார்த்த செயலில், எதிர்பாராத ஒரு பறவை வந்து இறங்குகிறது. தினைப்புனம் அந்த ஒரு கணத்தில் நாடாகிவிடுகிறது. தொகைநூலில் தனித்து அச்சான பாடலைப் படிப்பவருக்கு இந்த இறக்கம் கிடைப்பதில்லை. எளிய உருவகம் ஒன்று மட்டுமே கிடைக்கிறது.

5. தண்டனை யாருக்கு?

ஒற்றுமைகளை நிறுவிய பின் ஒரு வேற்றுமையை எதிர்கொள்ள வேண்டும். பாட்டாசிரியர் யார் என்பதைப் பற்றிய சமூகத்தின் கருத்து அவ்வேற்றுமையில் வெளிப்படுகிறது.

பிரான்சில் பெரான்ஜேயின் பாடல்கள் நூலாக வந்தன. நூலில் பெயர் இருந்தது. அரசு நூலாசிரியர்மீது வழக்குத் தொடுத்தது. 1821இன் வழக்கு அவரது வேலையைப் பறித்தது. ஆயினும் அவர் பெயரை நாடெங்கும் நிறுத்தியது. அவ்வழக்கின் ஆவணங்களைக் குற்றஞ்சாட்டப்பட்ட பாடல்களோடு சேர்த்து அவர் வெளியிட, அதற்காக மீண்டும் வழக்கு வந்தது; 1822இல் அவர் விடுவிக்கப்பட்டார். தடைசெய்யப்பட்ட வரிகள் நீதிமன்ற ஆவணத்தின் வழியே மீண்டும் மக்களிடம் சென்றன. தண்டனை அங்கே ஆசிரியத்துவத்துக்கு அரசு வழங்கிய சான்றிதழாயிற்று.

தமிழகத்தில் நிலைமை வேறு. 1876ஆம் ஆண்டின் நாடகச் சட்டம் ஆட்சிக்கு எதிரான உணர்வைத் தூண்டும் நிகழ்ச்சிகளைத் தடைசெய்ய அரசுக்கு அதிகாரம் தந்தது. நாடகத்தின் கைப்படியை அரசு கேட்டுப் பார்க்கலாம். ஆனால் ‘வள்ளி திருமணம்’ நாடகத்தின் கைப்படியில் குற்றம் ஏதுமில்லை. அன்றிரவு மேடையில் நுழையும் பாட்டு அதில் இராது. எனவே காவல்துறையின் கண்ணுக்குப் புலப்பட்டவர் பாடியவரே. விசுவநாததாஸ் பலமுறை கைது செய்யப்பட்டார், சிறை சென்றார். 1940 டிசம்பர் 31 அன்று சென்னையில் ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் முருகனாக மேடையில் இருந்தபோதே உயிர் துறந்தார். பாட்டுப் புத்தகங்கள் பத்திரிகைச் சட்டங்களின் கீழ்த் தடைசெய்யப்பட்டன. ஆயினும் மக்கள் நினைவில் பாட்டு பாடியவரோடு ஒட்டிக்கொண்டது. ‘விசுவநாததாஸ் பாட்டு’ என்றே கொக்குப் பாடல் வழங்கியது.

விசுவநாததாஸின் தியாகத்தை இது சிறிதும் குறைப்பதாகாது. உடலால் விலை கொடுத்தவர் அவரே. ஒடுக்கப்பட்ட மருத்துவர் சமூகத்தில் பிறந்து, உடன் நடிக்க மறுத்த சாதிய மனநிலையையும் எதிர்கொண்டு மேடையில் நின்றவர் அவர். இங்கு எழும் வினா வேறு: பொதுமெட்டுக்கு எழுதியவர் தம் பெயரைப் பாட்டோடு பிணைக்கும் எதனை வைத்திருந்தார்? மெட்டு அவருடையதன்று. கதை புராணத்தினுடையது, குரல் நடிகருடையது. சொல்லையும் நடிகர் ஊருக்கு ஊர் மாற்றிப் பாடக்கூடும். பாட்டு எவ்வளவுக்கு வெற்றி பெற்றதோ அவ்வளவுக்கு அது எல்லோருடையதும் ஆயிற்று. ‘இயற்றியதாகக் கருதப்படும்’ என்ற தொடரை இக்கட்டுரை பயன்படுத்த நேர்ந்ததே அதற்குச் சான்று. ஆசிரியப் பெயரின் மங்கலைத் தற்செயலான ஆவணக் குறைபாடாக மட்டும் காணலாகாது. அது அக்கலைமுறையின் விளைவு.

6. மதிப்பீடு: ஊன்றிய பாட்டும் ஒட்டிய பாட்டும்

புறக்கணிப்பைக் கண்டிக்கும் ஆய்வுகள் பலவும் புகழுரையாக முடிந்துவிடுகின்றன. பாஸ்கரதாஸுக்கும் அது நன்மை செய்யாது. பெரான்ஜேயின் பிற்காலக் கதி இதில் ஓர் எச்சரிக்கை. கேத்தே போற்றிய அப்பாடலாசிரியரை, அவர் இறந்த சில ஆண்டுகளுக்குள் ரெனான், ஃபுளோபேர் முதலியோர் கடுமையாக மறுத்தனர். மலிவான உணர்ச்சி, எளிய தேசப்பெருமிதம், சராசரி மனிதனின் தன்னிறைவு ஆகியவற்றின் குரலாக அவரைக் கண்டனர். அம்மறுப்பில் உண்மையும் உண்டு. வேளை கடந்தபின் அச்சில் மட்டும் எஞ்சிய பாடல்கள் வெளிறித் தோன்றின. பாடிய வாய்களும் கேட்ட கோபமும் ஏட்டில் இல்லை.

பாஸ்கரதாஸின் தலைவர் புகழ்ச்சிப் பாடல்கள் பலவற்றுக்கும் இது பொருந்தும். அவற்றில் அடைமொழிகள் அடுக்கப்படுகின்றன. காந்தியடிகளின் எளிமை பேசப்படுகிறது. ஒருவர்க்குச் சொன்னது மற்றவர்க்கும் பொருந்தும்படி அமைகிறது. இவற்றை அக்காலத்தின் பதிவுகளாகக் கொள்ளலாம். சிறந்த பாடல்கள் எனல் மிகை.

தரத்தைப் பிரித்தறிய ஓர் அளவுகோலை இங்கு முன்வைக்கலாம். களத்தில் ஊன்றிய பாட்டு ஒருவகை; களத்தில் ஒட்டிய பாட்டு இன்னொரு வகை. கொக்குப் பாடல் முதல் வகை. 1931 அக்டோபர் 31 அன்று சென்னையில் வெளியான ‘காளிதாஸ்’ படத்தில் டி. பி. இராஜலட்சுமி பாடிய இராட்டினப் பாடல் இரண்டாம் வகை. பழங்காலக் கவிஞனைப் பற்றிய கதைக்கும் காந்தியின் இராட்டினத்துக்கும் தொடர்பில்லை. கதை நின்றுவிடுகிறது, பாட்டு நடக்கிறது, கதை மீண்டும் தொடர்கிறது. நாடகக் கலை நோக்கில் இது வலுவற்றது. எனினும் தமிழ்த் திரை பேசத் தொடங்கியபோதே அரசியலையும் பாடியது என்ற அளவில் அதன் வரலாற்று எடை பெரிது. இவ்விரண்டு மதிப்புகளையும் கலக்காமல் கூறுவதே திறனாய்வின் கடமை. வரலாற்று எடையைக் கலைத்தரமாகக் காட்டினால் கொக்குப் பாடலின் தனிச்சிறப்பு கண்ணில் படாமலே போகும்.

இவ்வளவுகோல் பின்னாளைய திரைப்பாடலுக்கும் பயன்படும். தொகைநூல்கள் பாடலைப் படத்திலிருந்தும் மெட்டிலிருந்தும் பிரித்து, கவிதைபோல் அடிபிரித்து அச்சிடுகின்றன. அதன்பின் திறனாய்வாளர் அதில் அணியும் கருத்தும் தேடுகின்றனர். ஊன்றிய பாட்டுக்கும் ஒட்டிய பாட்டுக்கும் இடையிலான வேறுபாடு அத்தாளில் தெரிவதில்லை.

7. முடிவுரை

மேற்கண்ட ஆய்வால் பெறப்படுவன வருமாறு: வழக்கிலுள்ள மெட்டுக்கு எழுதுதல் படைப்பாற்றல் குறையைக் காட்டுவதன்று, எழுத்தறியாத சமூகத்தில் புதுச்சொல் விரைந்து பரவுவதற்கான கலைமுறை அது. பிரான்சிலும் தமிழகத்திலும் அது தனித்தனியே வளர்ந்தது. பாட்டைப் பொதுவாக்கும் மெட்டு ஆசிரியரின் பெயரைக் கரைக்கிறது. நூலும் நீதிமன்றமும் பெரான்ஜேயின் பெயரைக் காத்தன, மேடையும் வாய்மொழியும் பாஸ்கரதாஸின் பாடலைக் காத்துப் பெயரை விட்டுவிட்டன. அவர் பாடல்கள் அனைத்தும் ஒரே தரத்தன அல்ல. களத்தில் ஊன்றியவையே காலம் கடந்து நிற்கின்றன.

இதிலிருந்து ஆய்வாளர்க்கு ஒரு நடைமுறைப் பணி எழுகிறது. பாட்டுப் புத்தகங்களை மறுபதிப்பிடுவோர் வர்ணமெட்டுக் குறிப்புகளைத் தேவையற்றவை என நீக்கலாகாது. அக்குறிப்பு சுட்டும் மூலப்பாட்டைக் கண்டறிந்து, அம்மெட்டை இன்னும் அறிந்த நாடகக் கலைஞரைப் பாடச்செய்து ஒலிப்பதிவாகச் சேர்க்க வேண்டும். முதிய கலைஞர்கள் மறையும் முன்பே இது நிகழ வேண்டும். கடற்கரையிலும் இதுவே நிலை. விசைப்படகு பரவியபின் கரைவலை சுருங்க, அம்பாப் பாட்டும் சுருங்கியது. அதன் சொற்களை மட்டும் எழுதிக்கொண்டு வரும் கள ஆய்வாளர், கயிற்றைக் கரையிலேயே விட்டு வலையை மட்டும் எடுத்து வந்தவராகிறார். தங்கச்சிமடம் போன்ற ஊர்களில் அம்பாவை நினைவில் வைத்திருக்கும் முதியவரிடம் இன்னும் கேட்க வேண்டியது, எந்த இழுவைக்கு எந்த மெட்டு என்பதே.